பொண்ணோட அப்பா என்ன பண்றாரு?

அமலோற்பவம் டீச்சர் தன் கணவரிடம் சத்தியம் வாங்கி இன்றோடு ஆறு நாள் ஆகிறது. வேளாங்கண்ணி மாதா படத்துக்கு முன்னால் நிறுத்தி வாங்கிய சத்தியம் அது.

"மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வந்து பேசி முடிச்சுட்டுப் போற வரைக்கும் நடிப்புங்கிற வார்த்தை உங்க வாயிலேருந்து வரக் கூடாது."

"வராது" என்று ரெமிஜியஸ் கையை நீட்டினார். மனுஷர் நடிகராயிற்றே என்று டீச்சர் இரண்டாம் தடவையும் சொல்ல வைத்தாள்.

அவளைக் குறை சொல்லவும் முடியாது. போன வருஷம் கீழ்வேளூர் சம்பந்தம் கைக்கு வந்து, "பொண்ணோட அப்பா சினிமாக்காரராமே" என்ற ஒரே போனில் கலைந்துபோனது. சினிமாக்காரர் என்றதும் அவர்கள் எதை நினைத்துக்கொண்டார்களோ தெரியாது. ரெமிஜியஸ் இருபத்திரண்டு வருஷத்தில் பதினோரு படம் நடித்திருக்கிறார். சின்னச் சின்னப் படங்கள், ஆவணப் படங்கள். ஒன்றுகூடப் பாபநாசத்தில் ஓடியதில்லை. எங்கோ பெல்ஜியத்திலும் கொரியாவிலும் நூறு பேர் உட்கார்ந்து பார்த்துக் கைதட்டினார்களாம். ஊர் பார்த்த ஒரே படம், பாம்புக் கடிக்கு நாட்டு வைத்தியம் வேண்டாம் என்று சொல்லும் இருபது நிமிஷ விழிப்புணர்வுப் படம். அதில் வரப்பில் விழுந்து நுரை தள்ளிச் செத்துப்போவார். அன்றிலிருந்து ஊருக்குள் அவர் பெயர் பாம்புக்கடி.

இன்று சனிக்கிழமை. சாயங்காலம் நாலு மணிக்கு மன்னார்குடியிலிருந்து மாப்பிள்ளை வீட்டார் வருகிறார்கள். மகள் பிரின்ஸிக்கும் மாப்பிள்ளைப் பையன் கிளாட்சனுக்கும் மனசு ஒத்துப்போய் எட்டு மாதம் ஆகிறது. பெரியவர்கள் தலையாட்ட வேண்டியதுதான் பாக்கி. புரோக்கர் மூலம் போன தகவலில், "தந்தை: விவசாயம்" என்று டீச்சர் எழுதிக் கொடுத்துவிட்டாள்.

அந்த விவசாயி காலை பத்து மணிக்கு, ஊருக்கு மேற்கே ஒரு வரப்பில் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். நிஜத்தில் அல்ல, நடிப்புக்குத்தான்.

நியாயமாக இந்தக் காட்சி வியாழக்கிழமையே முடிந்திருக்க வேண்டும். ஆத்தூரிலிருந்து வர வேண்டிய அறுவடை மிஷின் வலங்கைமான் பக்கம் சேற்றில் மாட்டிக்கொண்டு இன்றைக்குத்தான் வந்து சேர்ந்தது. சம்பா முற்றி மணி உதிர ஆரம்பித்துவிட்டது. இனி ஒரு நாள்கூட நிறுத்த முடியாது என்று வயலைக் குத்தகைக்குப் பார்க்கும் அண்ணாதுரை கையை விரித்துவிட்டார்.

"அண்ணே, பத்து நிமிஷம் வெட்டே இல்லாத ஷாட்" என்று டைரக்டர் எழில்மொழி காலையிலேயே சொல்லியிருந்தாள். முப்பது வயசுகூட ஆகாத பெண், எடுப்பது முதல் படம். "மிஷின் வயலை அறுத்து முடிச்சுட்டா திரும்ப எடுக்க வயலே கிடையாது. நான் கட் சொல்ற வரைக்கும் ஆடு வரட்டும், மாடு வரட்டும், நீங்க பொன்னையன்தான்."

பொன்னையன் என்பது படத்தில் வரும் கூலிக்காரன். மிஷின் வயலை அறுப்பதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான். கடைசியில், மிஷினுக்கு எட்டாமல் விட்ட மூலைக் கதிரை எழுந்து போய் அறுப்பான். வசனம் கிடையாது. கேமரா வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் மூங்கில் புதருக்குள் இருந்தது. ரெமிஜியஸின் பனியனுக்குள் சின்ன மைக் ஒன்று. அது சொல்வதைக் காதில் வாங்கிக்கொண்டு, ஒலிப்பதிவு செய்யும் ஜாஹித் புதருக்குப் பின்னால் இருந்தான்.

ரெமிஜியஸின் முன்பற்கள் இரண்டும் எழில்மொழியின் சட்டைப் பையில் இருந்தன. அவை கழற்றி மாட்டும் பற்கள். ஏழு வருஷத்துக்கு முன்னால் ஒரு படத்துக்காக மாட்டு வண்டியிலிருந்து குதித்ததில் சொந்தப் பற்கள் போய்விட்டன. பல் இல்லாத அந்த வாயைப் பார்த்துத்தான் எழில்மொழி, "நீங்கதான் பொன்னையன்" என்றாள். பல்லையும் கண்ணாடியையும் கழற்றி, தலைப்பாகையைச் சுற்றி, முகத்தில் சேற்றை அப்பிவிட்டால் பெற்ற மகளுக்கே அடையாளம் தெரியாது.

மிஷின் முக்கால் வயலைத் தாண்டிவிட்டது. அப்போதுதான் வரப்பில் ஒருவர் நடந்து வந்தார். அறுபது வயசிருக்கும். பேண்ட்டை மடித்துவிட்டிருந்தார், கையில் குடை, சட்டைப் பையில் சின்ன நோட்டு. கேமராவின் கண்ணுக்குள்ளேயே வந்து, பொன்னையனுக்குப் பக்கத்தில் கைக்குட்டையை விரித்து உட்கார்ந்தார்.

எழில்மொழி கட் சொல்லவில்லை. சொல்லவும் முடியாது.

"பெரியவரே, அமலோற்பவம் டீச்சரைத் தெரியுமா?"

ரெமிஜியஸ் திரும்பிப் பார்க்கவில்லை. பொன்னையன் தலையை ஆட்டினான்.

"மறைக்க என்ன இருக்கு. என் பேரு ஆசீர்வாதம். மன்னார்குடி. ரெவின்யூ இன்ஸ்பெக்டரா இருந்து ரிடையர் ஆனவன். அவங்க பொண்ணை என் பையனுக்குப் பேசியிருக்கு. வீட்டுல எல்லாரும் சாயந்தரம் கார்ல வர்றாங்க. நான் மட்டும் காலையிலேயே பஸ்ல வந்துட்டேன், விசாரிக்கலாம்னு."

பொன்னையன் கீழே பார்த்துக்கொண்டிருந்தான்.

"முப்பத்திரண்டு வருஷ சர்வீஸ். நாலு எல்லைக்காரனையும் கேக்காம ஒரு பட்டாவுலகூட நான் கையெழுத்துப் போட்டதில்ல. கல்யாணம் அதைவிடப் பெருசு இல்லையா? கெழக்கே டீக்கடை, தெக்கே ரேஷன் கடை, வடக்கே ரைஸ் மில்லு, மூணும் முடிஞ்சுது. மேற்கு எல்லை நீங்கதான்."

"என்ன சொன்னாங்க?" பல் இல்லாத வாயில் காற்று புகுந்து வந்தது குரல்.

"டீச்சர் தங்கம்ங்குறாங்க. பொண்ணு அதைவிடத் தங்கமாம். அப்பா எப்படின்னு கேட்டா சிரிக்கிறாங்க. மூணு எடத்துலயும் சிரிக்கிறாங்க. சிரிச்சா நான் என்னன்னு எழுதிக்கிறது? குடியா, சீட்டாட்டமா?" ஆசீர்வாதம் நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டார். "நீங்களும் சிரிச்சீங்கன்னா இப்படியே பஸ் ஏறிடுவேன். யாரும் வர வேணாம்னு வீட்டுக்குப் போன் பண்ணிடுவேன். சொல்லுங்க பெரியவரே. பொண்ணோட அப்பா என்ன பண்றாரு?"

இருபத்திரண்டு வருஷத்தில் இத்தனை பேர் அவரைப் பற்றிப் பேசியிருக்கிறார்கள். ஒருவர்கூட அவரிடமே வந்து இப்படிக் கேட்டதில்லை.

விவசாயம் என்று சொல்லிவிடலாம். ஆனால் மூன்று எல்லையில் கேட்ட சிரிப்புக்கு அது பதில் ஆகாது. பேசாமல் இருந்தால் குடிகாரன் என்று நோட்டில் ஏறும், பிரின்ஸியின் எட்டு மாதம் வீணாகும். சத்தியம் என்று ஒன்று வேறு இருக்கிறது. சத்தியம் செய்தது ரெமிஜியஸ்தான். பொன்னையன் எந்த மாதாவுக்கு முன்னாலும் கை நீட்டவில்லை. மாதாவுக்கு இந்த வித்தியாசம் புரியும், டீச்சருக்குப் புரியுமா என்பதுதான் சந்தேகம்.

"அவரு நடிகருங்க" என்றான் பொன்னையன்.

"நடிகரா? எந்தப் படத்துல?"

"நீங்க பாத்திருக்க மாட்டீங்க. யாரும் பாத்ததில்ல. ஒரு படத்துல பாம்பு கடிச்சுச் செத்துப்போவாரு. அதை மட்டும் ஊரு பாத்துருச்சு. அதான் சிரிக்கிறாங்க."

"விவசாயம்னுல்ல சொன்னாங்க?"

"படத்துல மட்டும்தான் உழுவாரு. நெலத்தைக் குத்தகைக்கு விட்டிருக்கு."

"அப்ப குடும்பம்?"

"டீச்சர் சம்பளத்துலதான்."

ஆசீர்வாதம் பேனாவை நிறுத்தினார். "அது அவருக்குக் கேவலமா இல்லையா?"

மிஷின் வயல் கோடியில் திரும்பி வந்துகொண்டிருந்தது. ரெமிஜியஸுக்கு இந்தக் கேள்வி புதிதல்ல. தினமும் தனக்குள்ளேயே கேட்டுக்கொள்வதுதான்.

"இருந்துதுங்க, ரொம்ப நாளா. ஒரு தடவை, வறட்சி வருஷத்துல வயல்லயே மாரடைச்சு விழுந்துபோன ஒரு விவசாயியைப் பத்திப் படம் எடுத்தாங்க. அந்த ஆளா இவரு நடிச்சாரு. அவரோட சட்டை, அவரோட துண்டு. அவரு சம்சாரம் பாக்க வந்துச்சு. ஒண்ணும் பேசாம ஒரு டம்ளர் டீ கொண்டாந்து இவரு கையில குடுத்துச்சு. சர்க்கரை இல்லாத டீ. புருஷனுக்குச் சுகராம். இவருக்குச் சர்க்கரை இல்லன்னா தொண்டையில எறங்காது. ஒரு வார்த்தை சொல்லாம குடிச்சு முடிச்சாரு. டம்ளரை வாங்கிக்கிட்டு அந்தம்மா, 'பொழுது சாயறதுக்குள்ள வந்துருங்க'ன்னு சொல்லிட்டுப் போச்சு."

பொன்னையன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"அன்னிலேருந்து கேவலமா இல்லைங்க."

ஆசீர்வாதம் நோட்டை மூடி மடியில் வைத்துக்கொண்டார். எதுவும் எழுதவில்லை.

மிஷின் கடைசி வரிசையை அறுத்துவிட்டுக் கரையேறியது. இனி மூலைக் கதிர்தான். பொன்னையன் எழுந்துபோய்க் கருக்கரிவாளை எடுத்துக் குனிந்தான். இந்த ஒரு காட்சிக்காக ஒரு மாதம் அண்ணாதுரையிடம் பழகியிருந்தும், இரண்டே பிடியில் சாயம் வெளுத்தது.

"என்ன பெரியவரே, அரிவா பிடிக்கிற பிடியா இது?" ஆசீர்வாதம் குடையை வரப்பில் குத்திவிட்டு இறங்கி வந்தார். "குடுங்க இப்படி."

ஒரு கை கதிரை வளைக்க, மறு கை இழுக்க, சரசரவென்று அறுத்துக்கொண்டே போனார். இரண்டே நிமிஷத்தில் இடுப்புக்குக் கீழே சேறு. மூச்சு வாங்கியது. முகம் மட்டும் பூரித்துப்போயிருந்தது.

"எங்கப்பாவும் அம்மாவும் கூலிக்கு அறுத்தவங்க. பள்ளிக்கூட லீவு விட்டா நானும் எறங்குவேன். உத்தியோகம் வந்ததும் கை மறந்திருக்கும்னு நெனைச்சேன். மறக்கல பாருங்க" என்று பொன்னையனிடம் காட்டிச் சிரித்தார். அறுத்த கதிர் அரிகளைப் பொன்னையன் அள்ளிக் கட்டினான். அவனுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. பொன்னையன் அந்தப் படத்தில் சிரிப்பதாகவே இல்லை.

வாய்க்காலில் கை கழுவிவிட்டு, ஆசீர்வாதம் நோட்டை எடுத்தார். "உங்க பேரு?"

"பொன்னையன்."

"நாலு எல்லையில ஒரு எல்லைதான் ஒழுங்காப் பதில் சொல்லுச்சு" என்று எழுதிக்கொண்டு, குடையைப் பிடுங்கியபடி போய்விட்டார்.

எழில்மொழி வாய்க்காலைத் தாண்டி ஓடிவந்தாள். பல்லைக் கையில் கொடுத்தாள்.

"அண்ணே, பதினேழு நிமிஷம். நான் எழுதியிருந்தாக்கூட இப்படி வராது. யாரு அவரு? அவர் கையெழுத்து வேணும்ணே. படத்துல வர்ற ஆளு ஒப்புதல் படிவத்துல கையெழுத்துப் போடலன்னா மொத்தமும் குப்பை. திரும்ப எடுக்க வயலும் இல்ல."

ஹெட்போனைக் கழற்றியபடி வந்த ஜாஹித்தின் கண் சிவந்திருந்தது. "அந்த டீ, நீங்கதானாண்ணே குடிச்சது?"

ரெமிஜியஸ் பல்லை மாட்டிக்கொண்டார். "ஆமாம்பா. வந்தவரு என் சம்பந்தி. ஆனா சாயந்தரம் வரைக்கும்தான், அப்புறம் இருப்பாரோ என்னவோ."

வீட்டில் டீச்சர் கேசரி கிண்டிக்கொண்டிருந்தாள். ரெமிஜியஸ் அடுப்படி வாசலில் நின்று ஆதியோடந்தமாகச் சொன்னார். கரண்டி நின்றது.

"மாதா மேல சத்தியம் பண்ணீங்களே."

"நான் பண்ணினேன். பொன்னையன் பண்ணலையே அமலா."

"அப்ப ராத்திரிச் சோத்துக்கும் பொன்னையன் கேமராகிட்டயே போகட்டும்." அடிபிடிக்கப் போகும் கேசரியை ஆவேசமாகக் கிளறினாள். கொஞ்ச நேரம் கழித்து, முகத்தைத் திருப்பாமல் கேட்டாள். "கேவலமா இருந்துச்சுன்னு அவர்கிட்ட சொன்னீங்களா? என்கிட்ட ஒரு நாள்கூடச் சொன்னதில்லையே."

பிரின்ஸிதான் நடுவில் வந்தாள். "அம்மா, வெள்ளைச் சட்டையை நான் இஸ்திரி போட்டு வச்சிருக்கேன். அப்பா குளிக்கட்டும். வர்றவங்க வரட்டும்."

நாலு மணிக்குக் கார் வந்தது. முதலில் இறங்கியவர் ஆசீர்வாதம். காரில் கொண்டுவரச் சொல்லி மாற்றிக்கொண்ட பேண்ட்டில் ஒரு பொட்டுச் சேறு இல்லை. பின்னாலேயே அவர் மனைவி ஜாய்ஸ், அப்புறம் கிளாட்சன். கண்ணாடியும் வெள்ளைச் சட்டையும் ஒழுங்கான பல்வரிசையுமாக ரெமிஜியஸ் வாசலில் நின்றார். தப்பித்து ஓட வழியில்லை. கும்பிட்டார்.

"ஸ்தோத்திரம். நீங்கதான் பொண்ணோட அப்பாவா?" என்றார் ஆசீர்வாதம், முகத்துக்கு நேராகப் பார்த்து.

அவருக்கு அடையாளம் தெரியவில்லை.

காலையில் பத்து நிமிஷத்துக்கு மேல் ரெமிஜியஸின் பக்கத்தில் தோளோடு தோள் உட்கார்ந்திருந்தவர். எந்த ஊரில் எவன் கைதட்டி என்ன, இதுவல்லவா விருது. சந்தோஷத்தில் எல்லாரையும் உட்கார வைத்து, கேசரித் தட்டைத் தானே எடுத்து வந்து நீட்டினார்.

ஆசீர்வாதம் சுற்றி வளைக்கவில்லை. "விவசாயம்னு எழுதியிருந்தீங்க. நடிகர்னு எனக்குத் தெரிஞ்சுபோச்சு. பொன்னையன்னு ஒரு மனுஷன், வயல்ல சொன்னாரு. இந்த ஊர்ல உண்மை பேசுறவர் அவர் ஒருத்தர்தான். நிச்சயத்துக்கு அவரையும் கூப்பிடணும்."

டீச்சர் புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள். அழுகையா சிரிப்பா என்று ஜாய்ஸுக்கு விளங்கவில்லை.

"பொண்ணு பாக்கப் போன எடத்துல பொண்ணைப் பாடச் சொல்லுவாங்க. எனக்கு அது பிடிக்காது" என்றார் ஆசீர்வாதம். "அப்பாவைக் கேக்கலாம் இல்ல? எங்க, கொஞ்சம் நடிச்சுக் காட்டுங்க."

ரெமிஜியஸ் மகளைப் பார்த்தார். பிரின்ஸி கண்ணாலேயே ம் என்றாள். அவர் திரும்பி நின்று கண்ணாடியைக் கழற்றினார், பல்லைக் கழற்றினார், தோள் துண்டைத் தலையில் சுற்றினார். கூடத்து நடுவில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, காற்றுப் புகுந்த குரலில் சொன்னார்.

"கை மறக்கலைங்க உங்களுக்கு. நல்லாத்தான் அறுத்தீங்க."

ஆசீர்வாதம் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். குனிந்து உற்றுப் பார்த்தார். முப்பத்திரண்டு வருஷத்தில் எல்லைக்கல்லை நகர்த்தி வைத்த எத்தனையோ பேரைப் பிடித்தவர்.

"அந்த டீ?"

"நான்தான் குடிச்சேன்."

ஆசீர்வாதம் விழுந்து விழுந்து சிரித்தார். சிரிப்பு நிற்கும்போது கண்ணில் தண்ணீர். இரண்டு கையாலும் ரெமிஜியஸைத் தூக்கி நிறுத்திக் கட்டிக்கொண்டார். பல்லை மாட்டிக்கொள்ளக்கூட விடவில்லை. கேமரா இருந்த விஷயத்தைச் சொன்னதும், தான் சேற்றில் இறங்கி அறுத்தது படத்தில் வரும் என்று தெரிந்ததும், "எங்கப்பா இருந்து பாக்கணும்" என்றார். வாசலில் காத்திருந்த எழில்மொழி படிவத்தோடு உள்ளே வந்தாள்.

அரசாங்க ஆள் அல்லவா, படிவத்தை ஒரு வரி விடாமல் படித்தார். பெயர் எழுதினார், வயது எழுதினார். 'தொழில்' என்ற கட்டத்தில் பேனா நின்றுவிட்டது.

"என்னங்க, ஓய்வுன்னு எழுதுங்க" என்றாள் ஜாய்ஸ்.

"அது தெரியும்." ஆசீர்வாதம் மூடியைத் திருகிப் பேனாவை மூடினார். "சம்பந்தி, நான் நாலு எல்லையையும் கேட்டேன். உங்க பக்கத்துலேருந்து யாரும் மன்னார்குடிக்கு வந்து ஒரு எல்லையைக்கூடக் கேக்கலையே?"

"தம்பி பேங்க்லதானே இருக்காங்க" என்றாள் டீச்சர்.

"அக்டோபர் வரைக்கும் இருந்தான். அப்புறம் வேலையை விட்டுட்டு வேற ஒண்ணுல எறங்கிட்டான். நானும் ஒரு கட்டத்தைத் தப்பாத்தான் நிரப்பிக் குடுத்தேன் டீச்சர்."

ஜாய்ஸ் கணவரை மெதுவாகத் திரும்பிப் பார்த்தாள். "என்ன சொல்றீங்க? தினம் காலையில டை கட்டிக்கிட்டுத்தானே போறான்?"

கிளாட்சன் டம்ளரைக் கீழே வைத்தான். காது மடல் வரை சிவந்திருந்தது. பிரின்ஸி மட்டும் உதட்டைக் கடித்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்தாள். அவளுக்கு எல்லாம் தெரியும் போலிருந்தது.

ரெமிஜியஸ் தன் நாற்காலியை இழுத்து, பையனுக்கு எதிரில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார்.

"சொல்லுங்க தம்பி" என்றார். "நான் சிரிக்க மாட்டேன்."